வயிற்றில் இருந்த கஞ்சி

பகல் பன்னிரண்டு மணிக்கு ஆஸ்பத்திரி வாட்டுக் கதவைத் திறந்துவிட்டால் ஊர் உள்ளே வந்துவிடும். சோற்றுப் பார்சலும் சுடுதண்ணிப் போத்தலும் திருநீற்றுச் சரையும் பேரப்பிள்ளைகளின் அழுகையுமாக வரும். வெளிநாட்டில் இருக்கிற மிச்ச ஊர், போனுக்குள்ளால் எட்டிப் பார்த்துக்கொண்டு வரும். இருபத்துநான்கு வருடம் அந்தக் கதவடியில் வெள்ளைச் சட்டையோடு நின்றிருக்கிறேன். எனக்கு அந்த இரைச்சல் பிடிக்கும். ஓரிடத்தில் இருக்கத் தெரியாத பிறவி நான். முப்பது கட்டிலுக்கு நடுவில் ஓடித்திரிகிற, ஊர் ‘மிஸ்ஸி’ என்று கூப்பிடுகிற தாதி வேலை என் காலுக்கு அளவெடுத்துத் தைத்தது மாதிரி. வீட்டில் எழுதுவதும் அப்படித்தான். கொப்பியை மேசையில் விரித்துவிட்டு, ஒரு வரி எழுதி, முற்றத்தை ஒரு சுற்றுச் சுற்றி வந்து, மற்ற வரி.

அந்தக் கதவு திறந்திருந்த ஒரு மணித்தியாலத்துக்குள்தான் நான் கொலைகாரி ஆனேன்.

பதினான்காம் கட்டிலில் வல்வெட்டித்துறைப் பெரியவர் ஒருவர் இருந்தார். எண்பது தாண்டிய மனுசன். வாலிபத்தில் கப்பலேறிப் போய், பாதி உலகம் பார்த்து, திரும்பி வந்து கடற்கரையில் வீடு கட்டியவர். பாரிசவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. பேச்சுக் குழறியது, பகிடி குழறவில்லை. விழுங்குகிற தசை மட்டும் இன்னும் எழும்பவில்லை. வாயால் ஒரு மிடறு கொடுத்தாலும் அது வயிற்றுக்குப் போகாமல் நெஞ்சுக்குள், மூச்சுக் குழாய்க்குள் இறங்கிவிடும். அதனால் மூக்கு வழியாக வயிற்றுக்கு ஒரு குழாய் விட்டிருந்தோம். சாப்பாடு அதற்குள்ளால்தான். தலைமாட்டில் ஒரு மட்டை தொங்கியது: ‘வாயால் எதுவும் கொடுக்க வேண்டாம்.’

“பிள்ளை, ஒரு மிடறு தேத்தண்ணி தா. நடுக்கடலிலை கூட நான் இப்பிடிக் காஞ்சு கிடக்கேல்லை.”

“டொக்டர் ஓம் எண்டு சொல்லட்டும் ஐயா, நானே ஊத்தித் தாறன்.”

“உவனுக்குத் தேத்தண்ணியின்ரை அருமை என்ன தெரியும்? உவன் கோப்பி குடிக்கிறவன்.”

அவருடைய மகள் பக்கத்திலேயே இருந்தாள். என்னிலும் நாலைந்து வயது குறைந்தவள். தகப்பனின் விழுந்த கையை மடியில் வைத்து, நான் காட்டிக்கொடுத்தபடி ஒவ்வொரு விரலாக மடக்கி நீட்டிக்கொண்டே இருப்பாள். மகன் கனடாவில். நாளுக்கு நாலு தரம் வீடியோக் கோலில் வருவார். “அப்பாவை இஞ்சாலை திருப்பு, லைற்றுக்குப் பிடி” என்று தங்கையை அங்கிருந்தே வேலை வாங்குவார்.

அன்று பதினொரு மணிக்குக் குழாயால் கஞ்சி விட்டேன். பயறும் அரிசியும் காய்ச்சி வடித்த கஞ்சி. பால் அவருக்கு வயிற்றோட்டத்தைக் கொடுத்ததால் இரண்டு நாள் முன்னரே நிறுத்தி, அவருடைய நோய்க் குறிப்பு ரிக்கற்றிலும் எழுதியிருந்தோம். பன்னிரண்டு பத்துக்கு அவருடைய கையில் செருகியிருந்த ஊசிக் குழலால் கிருமிக்கான மருந்து ஏற்றினேன். அவர் நல்ல நித்திரை. விடியும்வரை பக்கத்துக் கட்டில்காரரோடு கப்பல் கதை கதைத்த களைப்பு. வாயைத் திறந்துகொண்டு குறட்டை விட்டார்.

பிறகு வாட்டின் மற்றக் கரையில் ஒருவர் சத்தி எடுத்தார். அங்கே ஓடினேன். திரும்பிப் பார்த்தபோது பதினான்காம் கட்டிலுக்குத் திரை இழுத்திருந்தது. உள்ளே மகளும், பெரியவரின் தங்கச்சியான ஒரு மாமியும். உடுப்பு மாற்றுகிறார்கள், துடைக்கிறார்கள் என்று நினைத்தேன். திரையைக் கண்டேன், போகவில்லை. இதை எழுதத்தான் வேண்டும், ஏனென்றால் இதை யாரும் என்மேல் சுமத்தவில்லை.

இருமல் கேட்டது. பிறகு இருமல் நின்றது. இருமலிலும் பார்க்க அது நின்றதுதான் என்னை ஓடவைத்தது.

முகம் நீலம். டொக்டர் வந்தார், நெஞ்சை அமுக்கினோம், உறிஞ்சுகிற குழாயைத் தொண்டைக்குள் விட்டோம். வெள்ளையாக ஏதோ வந்தது. நுரை என்று நினைத்தோம். இருபத்தைந்து நிமிடம் நான்கு பேர் மாறி மாறி அமுக்கினோம். கடல் தின்னாத மனுசன் எங்கள் கைக்குக் கீழே அடங்கிப் போனார்.

மாமிதான் முதலில் கத்தினாள். “உவள்தான்! உவள்தான் ஊசி போட்டவள்! போட்டு ஒரு மணித்தியாலமில்லை, என்ரை அண்ணையைக் கொண்டுபோட்டாள்!”

கட்டிலில் கிடந்த போன் இன்னும் வேலை செய்துகொண்டிருந்தது. அதற்குள்ளிருந்து கனடாவும் கத்தியது. “அவளை விடாதேங்கோ! கொலைகாரி! பொலிசைக் கூப்பிடுங்கோ!”

மகள் கத்தவில்லை. என்னைப் பார்த்தாள். இவளும் நம்புகிறாளோ என்று அந்த முகத்தில் தேடினேன். அவளும் என் முகத்தில் அது உண்மையோ என்றுதான் தேடியிருப்பாள்.

*

அன்று பின்னேரமே என் படம் முகநூலில் ஏறிவிட்டது. ‘வெள்ளை உடுப்புப் போட்ட எமன்’ என்று மகன் எழுதியிருந்தார். படத்தை எங்கே எடுத்தாரோ, ஏதோ கலியாண வீட்டில் பந்தியில் இருந்து சிரிக்கிற படம். சிரிப்பும் குற்றமாய்ப் போனது. ‘பார், சிரிக்கிறாள்’ என்று கீழே ஒருவர். ‘இன்னும் எத்தனை பேரை அனுப்பினாளோ’ என்று மற்றவர். பயிற்சிக் காலத்தில் என் கையால் பிறந்த பிள்ளை ஒன்றின் தகப்பனும் அதற்குள் நின்று கோபக் குறி போட்டிருந்தார்.

பொலிஸ் வாக்குமூலம் எடுத்தது. மரண விசாரணை நீதவானிடம் போனது. முடிவு வரும்வரை கடமைக்கு வரவேண்டாம் என்று ஒரு கடிதம் வந்தது. குற்றம் நடந்திருக்கிறது என்று நீதவான் எழுதினால் மறியற்சாலை. இல்லை என்று எழுதினால் வாட்டு. இரண்டுக்கும் நடுவில் கரவெட்டியில் எங்கள் வீடு, வெங்காயத் தோட்டம், கிணறு, நான்.

மூன்று கிழமையில் உடற்கூற்றுப் பரிசோதனையின் முடிவு ஒரு பக்கத்தில் வந்தது. முழு அறிக்கை நீதிமன்றத்துக்குப் போயிருந்தது, எங்களுக்குக் கிடைத்தது அந்த ஒரு பக்கம்தான். இரத்தத்தில் நஞ்சு இல்லை, மருந்தில் பிழை இல்லை. அந்த வரியில் நான் மூச்சு விட்டேன். அடுத்த வரியில் அது நின்றது. ‘சுவாசப் பாதையில் உணவுத் திரவம். அதனால் மூச்சடைத்து மரணம்.’

உணவுத் திரவம். உணவு கொடுத்தது யார்? நான். குழாயால் விட்டது யார்? நான். குழாய் வயிற்றிலிருந்து நழுவி நெஞ்சுக்குள் போயிருந்து, அதைப் பார்க்காமல் நான் கஞ்சியை ஊற்றியிருந்தால்?

ஊருக்கு அந்தச் செய்தி எங்களுக்கு முதலே தெரிந்திருந்தது. சந்தையில் ஒருத்தி மற்றவளுக்கு, எனக்குக் கேட்கிற அளவுக்கு மெதுவாகச் சொன்னாள். “ஊசியாலை இல்லையாம். குழாயாலையாம்.” மற்றவள் கத்தரிக்காயைத் தட்டிப் பார்த்தபடி, “எதாலையெண்டால் என்ன, ஆள் போயிட்டுது” என்றாள்.

வெளியார் சொன்னது வெளியோடு போயிருக்கும். உள்ளுக்குள் ஒருத்தி கேட்கத் தொடங்கினாள். அன்று பார்த்தனியோ? கஞ்சியை விட முதல் குழாயில் காற்று அடித்து, வயிற்றில் ஸ்ரெதஸ்கோப் வைத்துக் கேட்டனியோ? கேட்டேன். குமிழிச் சத்தம் கேட்டது. அன்றுதானோ, அதற்கு முதல் நாளோ? இருபத்துநான்கு வருடமாக ஒவ்வொரு நாளும் செய்த ஒரு வேலையில் ஒரு நாளை மட்டும் எப்படிப் பிரித்தெடுப்பது? கை செய்ததை மனம் மறந்திருந்தது. என் கைகளை நான் பார்த்தேன், யாரோ வாடகைக்கு விட்ட சாமான் மாதிரி இருந்தன. தோட்ட வரம்பில் நடந்தேன். கிணற்றைச் சுற்றினேன். திரும்ப வரம்பு.

என் மனுசன் வெங்காயத்துக்குத் தண்ணி கட்டிக்கொண்டு நின்று பார்த்தார். “என்னப்பா, காணியை அளக்கிறியோ? உறுதிப் பத்திரத்திலை அளவு கிடக்குது.”

“நான் பாத்தனானோ இல்லையோ எண்டு தெரியேல்லையப்பா.”

“சோத்துக்கு உப்புப் போட்டனியோ எண்டு கேட்டால் உனக்கு ஞாபகமிருக்கோ? இல்லை. சோத்திலை உப்பு இருக்கோ? இருக்கு.” மண்வெட்டியால் அடுத்த வாய்க்காலைத் திறந்தார். “நீ பாத்திருப்பாய்.”

அவருக்கு அது போதும். எங்கள் சட்டத்தரணிக்குப் போதாது. கோப்பாயில் இருந்தவர், வாசலில் எலுமிச்சை காய்த்துத் தொங்கும் வீடு. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு கேட்டார்.

“குழாய் வயித்துக்குள்ளைதான் இருந்தது எண்டதுக்கு என்ன சாட்சி, மிஸ்ஸி?”

“என்ரை காது.”

“காதைக் கோட்டிலை சமர்ப்பிக்கேலாது பாருங்கோ.”

*

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்து, செத்தவருக்குக் கல்வெட்டு அச்சடித்து ஊருக்குக் கொடுத்தார்கள். எங்கள் பக்கத்தில் ஆள் போனால் ஒரு சின்னப் புத்தகம் அடிப்பது வழக்கம். முகப்பில் மாலை போட்ட படம், உள்ளே தேவாரம், வாழ்க்கை வரலாறு, பிள்ளைகள் மருமக்கள் பேரப்பிள்ளைகள் புலம்பல் பாட்டு, கடைசியில் நன்றி. என்னோடு வேலை செய்யும் மிஸ்ஸி ஒருத்தி வல்வெட்டித்துறைக்காரி, அந்த வீட்டுக்கு நாலு வளவு தள்ளி இருப்பவள். பார்க்க வந்தவள் கைப்பையிலிருந்து அந்தப் புத்தகத்தை எடுத்துப் போட்டாள்.

“இந்தா. நீ சிரிச்சு ஒரு மாதம். மகன்காறன் அங்கையிருந்து தானே பாட்டெழுதி அனுப்பியிருக்கிறார். வாசி. வாசிச்சால் செத்தவரே எழும்பி அடிப்பார்.”

“போடி, எனக்கு வேண்டாம்.”

“எமனைப் பாடினவன் தகப்பனை என்னெண்டு பாடியிருக்கிறான் எண்டு பார்க்க வேண்டாமோ?”

அவளே உரத்து வாசித்தாள், ஒப்பாரி ராகத்தில், மூக்கைச் சிந்திச் சிந்தி.

“கப்பலிலே போனவரே, கரைசேர்ந்த தந்தையே,
கனடாவில் நானிருக்கக் கண்மூடிப் போனீரோ?
விமானச்சீட்டு எடுக்க முன்னம் விடைபெற்றுப் போனீரோ?”

விமானச் சீட்டில் நான் சிரித்துவிட்டேன். அவமானமாக இருந்தது, நிறுத்த முடியவில்லை. ஒரு மாதத்துச் சிரிப்பும் ஒன்றாக வந்தது. அவளும் கண்ணைத் துடைத்துக்கொண்டு மற்ற அடிகளை வாசித்தாள்.

“பெற்ற மகன் பேர்சொல்லித் தங்கை கை தான்நடுங்க
மூன்று கரண்டி பால்வார்க்க முழுதாய்ப் பருகியல்லோ
பரமனடி சேர்ந்தீர் எங்கள் பாசமுள்ள அப்பாவே.”

“திரும்ப வாசி,” என்றேன்.

“எதை, விமானத்தையோ?”

“பாலை.”

அவள் வாசித்தாள். இரண்டாம் தரம் ராகம் இல்லை. நாங்கள் இருவரும் தாதிகள். மூன்றாம் தரம் வாசிக்கத் தேவைப்படவில்லை.

ஒரு ஆள் போகப்போகிறது என்று கண்டால் வாய்க்குப் பால் விடுவோம். கடைசி மூச்சில் சேடம் இழுக்கும்போது மகன் ஒரு கரண்டி, மகள் ஒரு கரண்டி. செத்த வீட்டுக்குப் போகிறவர் முதலில் கேட்பது அதைத்தான். “பால் விட்டவையோ?” “ஓம், மகள் விட்டவ.” கேட்டவருக்கு ஒரு ஆறுதல் வரும். பால் விடாமல் அனுப்பினார்கள் என்ற சொல் ஒரு குடும்பத்தைத் தலைமுறைக்கும் துரத்தும். என் அம்மாவுக்கு நானே விட்டிருக்கிறேன். ஆனால் அது போகிறவர்களுக்கு. பதினான்காம் கட்டில் போகிறவர் இல்லை, குறட்டை விட்டவர். வாய் பிளந்து கிடந்ததையும் குறட்டையையும் கண்டு மாமி சேடம் என்று முடிவு கட்டியிருக்கிறாள். கனடாவில் இருந்தவர் பதறியிருக்கிறார். தான் வருமுன் போகப்போகிறாரே, தன் பெயரைச் சொல்லியாவது விடு என்று தங்கையை விரட்டியிருக்கிறார். திரையை இழுத்திருக்கிறார்கள். சுடுதண்ணிப் போத்தலில் பசுப்பால் வந்திருக்கிறது.

இதை அவர்கள் ஒளிக்கவில்லை. அதுதான் என்னைக் கதிரையில் இருத்தியது. ஒளிக்கிறவன் அச்சடித்து ஊருக்குக் கொடுப்பானா? பொலிஸ் கேட்டது, யார் ஊசி போட்டது, யார் சாப்பாடு கொடுத்தது என்று. பால் விட்டது சாப்பாடு இல்லை. அது கடன். கும்பிட்டீர்களா, திருநீறு பூசினீர்களா என்று கேட்காதது மாதிரி அதையும் ஒருவரும் கேட்கவில்லை, அவர்களும் சொல்லவில்லை.

வல்வெட்டித்துறைக்காரி எழும்பி நின்று கை தட்டினாள். “தப்பீட்டாய்! பாட்டாலை தப்பீட்டாய்! உந்தக் கழுதைப் பாட்டுக்கு நான் தேங்காய் உடைக்கிறன்!”

எனக்கும் துள்ளவேண்டும் போலத்தான் இருந்தது. துள்ளப் போன காலை அந்த மகளின் மடி தடுத்தது. விரல் விரலாக மடக்கி நீட்டிய மடி.

பின்னேரம் மனுசனிடம் புத்தகத்தைக் காட்டினேன். வாசித்தார். திரும்பவும் அந்த அடிக்கு வந்து விரலை வைத்தார்.

“நீ கொல்லேல்லை எண்டு காட்ட, அவள் கொண்டவள் எண்டு காட்டவேணுமோ?”

“இல்லை.”

“அப்ப என்னத்தைக் காட்டப் போறாய்?”

அந்தக் கேள்வியோடு வரம்பில் மூன்று சுற்றுச் சுற்றினேன். நாலாம் சுற்றில் நின்றேன். சாகமுதல் அவர் உடம்புக்குள் இரண்டு சாமான் போயிருக்கிறது. ஒன்று என் கஞ்சி. மற்றது அவர்களின் பால். பால் நெஞ்சில் இருந்திருக்கிறது, சரி.

“கஞ்சி எங்கை இருந்தது எண்டதை,” என்றேன். “அதைக் காட்டவேணும்.”

*

விசாரணை நாள் வர இன்னும் நாலு மாதம் எடுத்தது. வெங்காயம் கிண்டி முடிந்துவிட்டது. நீதிமன்றத்தில் மின்விசிறிகள் சுற்றின, காற்று மட்டும் வரவில்லை. ஒரு பக்க மரவாங்கில் நாங்கள் இருந்தோம். மற்றப் பக்க வாங்கில் மகளும் மாமியும். கொலைகாரியைப் பார்க்கவென்று பின்னால் நிறையப் பேர்.

பரிசோதனை செய்த சட்ட வைத்திய அதிகாரி கூண்டில் ஏறினார். எங்கள் சட்டத்தரணி முழு அறிக்கையை அன்று காலையில்தான் கையில் பெற்றிருந்தார். அவரும் என்னைப் போலத்தான், கேள்விக்குப் பதில் தெரியாமல் எழும்பினார் என்று பிறகு சொன்னார். ஆங்கிலத்தில் நெருக்கி எழுதிய பக்கங்கள், வாசித்து முடிக்க நேரம் கிடைக்கவில்லை.

“டொக்டர், சுவாசப் பாதையிலை இருந்த திரவம் என்ன?”

“பால்.”

“பயறு கலந்த கஞ்சி அதிலை இருந்ததோ?”

“இல்லை.”

“பயறு எங்கையாவது கண்டனீங்களோ?”

அவர் பக்கத்தைப் புரட்டினார். அந்தக் கடதாசிச் சத்தம் என் நெஞ்சு எலும்பில் கேட்டது.

“கண்டேன். வயிற்றில் இருந்தது.”

“வயிற்றிலை?”

“வயிற்றில். குழாயின் நுனியும் வயிற்றில்தான் இருந்தது. இரண்டும் இருக்கவேண்டிய இடத்தில் இருந்தன.”

இருக்கவேண்டிய இடத்தில். நான் எத்தனையோ வரிகளுக்காக முற்றத்தைச் சுற்றியிருக்கிறேன். அப்படி ஒரு வரி எனக்குக் கிடைத்ததில்லை. என் கைகள் மடியில் கிடந்தன. பார்த்தேன். என்னுடையவைதான். மனம் மறந்த அந்த நாளில், அந்தப் பதினொரு மணிக்கு, இவை மறக்கவில்லை. காற்று அடித்திருக்கின்றன, காதுக்குக் கேட்கக் கொடுத்திருக்கின்றன, கட்டில் தலையை உயர்த்தியிருக்கின்றன, கஞ்சியைச் சரியான வாசலால் அனுப்பியிருக்கின்றன. எழும்பி அந்த மேசைகளுக்கு மேலால் ஓடவேண்டும் போல இருந்தது. மனுசன் என் சீலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டிருந்தார், அவருக்கு என்னைத் தெரியும்.

பிறகு மகளைக் கூப்பிட்டார்கள். சட்டத்தரணி கல்வெட்டைக் கொடுக்காமல் மெதுவாகத்தான் கேட்டார்.

“தங்கச்சி, அண்டைக்கு அப்பாவுக்குப் பால் விட்டனீங்களோ?”

“ஓம் ஐயா.” அவள் நிமிர்ந்து நின்றாள். “விடாமல் விடுவமோ? அண்ணையின்ரை பேரைச் சொல்லி மூண்டு கரண்டி விட்டனான்.”

டொக்டர் சொன்ன பால் எந்தப் பால் என்று எல்லோருக்கும் விளங்கிவிட்டது, அவளைத் தவிர. நீதவான் பேனையை வைத்தார். அவள் நீதவானைப் பார்த்தாள், டொக்டரைப் பார்த்தாள், கடைசியாக என்னைப் பார்த்தாள். அவள் முகம் மாறுவதைக் கண்டேன். மாமி வாங்கில் இருந்தபடி, “அது பால்! பால் என்ன செய்யும்?” என்று கேட்டாள். சத்தம் பாதியில் தேய்ந்து போனது.

குற்றச் செயல் எதுவும் நடக்கவில்லை, யார் மீதும் குற்றம் இல்லை, தவறுதலால் நேர்ந்த மரணம் என்று நீதவான் எழுதினார். யார் மீதும் என்ற அந்தச் சொல்லை அவர் நிறுத்தி, இரண்டு பக்க வாங்கையும் பார்த்துச் சொன்னார்.

வெளியில் வல்வெட்டித்துறைக்காரி என்னைக் கட்டிப்பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினாள். என்னைப் பற்றிக் கோபக் குறி போட்டவர்களெல்லாம் கை குலுக்க வந்தார்கள். கொடுத்தேன், இரண்டு கையையும் கொடுத்தேன், ஏன் கொடுக்கக்கூடாது? பிறகு விறாந்தை மூலையில் தனியாக இருந்த அந்த மகளிடம் போனேன்.

“மிஸ்ஸி, அப்பாவை நானோ கொண்டனான்?”

“இல்லை.” பக்கத்தில் இருந்தேன். “கொலைகாரி எண்ட சொல்லை அஞ்சு மாதமாய் உடுத்துத் திரிஞ்சிருக்கிறன். அது எப்பிடிக் கடிக்கும் எண்டு எனக்குத் தெரியும். அதைக் கழட்டி இன்னொருத்திக்கு உடுத்திவிட மாட்டன். நீங்கள் அப்பாவுக்குப் பால் விட்டனீங்கள். நான் திரையைக் கண்டும் வந்து பாக்கேல்லை. ரெண்டும் நடந்தது.”

“மட்டையைக் கண்டனான் மிஸ்ஸி. சாப்பாட்டைத்தான் சொல்லுது எண்டு நினைச்சன். பாலையும் சொல்லுது எண்டு நினைக்கேல்லை.” கொஞ்சநேரம் அழுதாள். பிறகு கேட்டாள். “அப்ப இனி ஒருத்தருக்கும் பால் விடக்கூடாதோ?”

“விடலாம். எங்களைக் கூப்பிட்டால் பஞ்சிலை நனைச்சு உதட்டிலை தொட்டுவிடுவம். உதடு நனைஞ்சால் காணும்.”

“அதை மட்டையிலை எழுதுங்கோவன்,” என்றாள்.

முகநூலில் இருந்த பதிவு இரண்டு நாளில் காணாமல் போனது. மன்னிப்பு ஒன்றும் வரவில்லை. நானும் வாசலில் நின்று பார்க்கவில்லை.

*

திரும்பக் கடமைக்குப் போன நாள் காலை மனுசன் மோட்டச்சைக்கிளில் ஏற்றிப் போனார். வழக்கமாக இறக்கிவிட்டதும் திரும்பிவிடுகிறவர், அன்று நான் உள்ளே போகும்வரை ஹோர்ன் அடித்துக்கொண்டு நின்றார். காவலாளி வந்து பேசிய பிறகுதான் போனாராம்.

என்னைப் பெண்கள் வாட்டில் போட்டிருந்தார்கள். முதல் வேலையாக மட்டைகளை எடுத்து, ‘வாயால் எதுவும் கொடுக்க வேண்டாம்’ என்பதற்குக் கீழே தடித்த எழுத்தில் இன்னொரு வரி எழுதினேன்: ‘பாலும் தீர்த்தமும் கொடுக்க விரும்புவோர் தாதியைக் கூப்பிடவும்.’ தலைமைத் தாதியான மேற்றன் பார்த்துவிட்டு, “உது சுற்றறிக்கையிலை இல்லையே” என்றார். “இல்லை மேற்றன்” என்றேன். மற்ற வாட்டுக்கும் எழுதித் தரச் சொல்லிவிட்டுப் போனார்.

பிறகு ஊசித் தட்டைத் தூக்கினேன். ஏழாம் கட்டிலில் ஒரு அம்மா, நெஞ்சுச் சளி. பக்கத்தில் நின்ற மகள் என்னைக் கண்டதும் நடுவில் வந்து நின்றாள்.

“வேறை மிஸ்ஸி இல்லையோ?”

வாட்டு முழுக்கக் கேட்டது. கதைத்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். கோட்டில் வென்ற ஆள், ஒரு தட்டைப் பிடித்துக்கொண்டு நடு வாட்டில் நின்றேன்.

எட்டாம் கட்டிலில் ஒரு கிழவி, கரவெட்டிப் பக்கத்து ஆள்தான், புகையிலைக் கன்று நட்டு நட்டு வளைந்த முதுகு. எழும்பி இருந்துகொண்டு தொடங்கினாள்.

“ஏன் மோளே, உவளுக்கு என்ன? உவளின்ரை கையைக் கோட்டு சோதிச்சது, பொலிஸ் சோதிச்சது, பெரிய டொக்டர் செத்த ஆளைக் கிழிச்சுக் கூடச் சோதிச்சது. பிழையில்லை எண்டு நீதவான் எழுதிக் குடுத்தவர். மற்ற மிஸ்ஸிமாரின்ரை கையை ஆர் சோதிச்சது? சொல்லு பாப்பம்!”

அந்தப் பக்கத்தில் நின்ற இளம் மிஸ்ஸி, “ஆச்சி, எங்களை ஏன் இழுக்கிறியள்?” என்றாள். யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். ஏழாம் கட்டில் அம்மாவும் இருமி இருமிச் சிரித்துக்கொண்டு மகளைக் கையால் விலக்கினாள்.

“தள்ளு பிள்ளை. அவ போடட்டும்.”

மெலிந்த கை, நரம்பு கண்ணுக்குத் தெரியாத கை. பழகாதவர்கள் நாலு இடத்தில் குத்திப் பார்க்கிற கை. அந்த மகள் மூச்சுவிடாமல் என் விரல்களையே பார்த்தாள். நான் தொட்டேன், தடவினேன், நரம்பு கிடந்த இடம் விரலுக்குத் தெரிந்தது. ஏற்றி முடித்து, பஞ்சை வைத்து அமத்தினேன்.

“நோகுதோ அம்மா?”

கண்ணை இறுக்கி மூடி, பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தவள் ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தாள்.

“ஏன் பிள்ளை, போட்டிட்டியோ?”